டிஸ்போசர் ஒழுகுகிறதா? இறுக்குவதா, ஆள் கூப்பிடுவதா, மாற்றுவதா, கழற்றிவிடுவதா

சிங்கப்பூரில் கொண்டோவுக்கு, அதாவது தனியார் அடுக்குமாடி வீட்டுக்குக் குடிபோகும் பலருக்குச் சமையலறைச் சிங்குக்கு அடியில் உணவுக் கழிவை அரைத்துக் குழாயில் அனுப்பும் டிஸ்போசர் ஒன்று தொங்குவதே சாவி கைக்கு வந்த பிறகுதான் தெரியும். முன்பு இருந்தவர் பொருத்திவிட்டுப் போயிருப்பார். அல்லது வீட்டைச் சீரமைத்தபோது ஒப்பந்தக்காரர் பேச்சைக் கேட்டு நாமே வாங்கியிருப்போம். சில வருடம் ஒழுங்காக ஓடும். ஒருநாள் கீழ் அலமாரியைத் திறந்தால், சோப்புத் தூள் பாக்கெட் ஊறிப்போய், பலகை உப்பிக் கிடக்கும்.

விஷயத்தைச் சொன்னதும் ஆளுக்கொரு யோசனை வரும். திருகாணியை இறுக்கினால் போதும் என்பார் ஒருவர். பிளம்பரைக் கூப்பிடு என்பார் இன்னொருவர். புதுசு வாங்கு, இதெல்லாம் உழைக்காது என்று ஒரு குரல். அதைக் கழற்றித் தூக்கிப் போடு, நம் சமையலுக்கு அது தேவையா என்று அம்மா. நான்கும் சரியான யோசனைகளே, ஆனால் நான்கும் ஒரே ஒழுகலுக்கு உரியவை அல்ல. தண்ணீர் எங்கிருந்து சொட்டுகிறது என்பதே பாதி முடிவைச் சொல்லிவிடும். மீதிப் பாதிக்கு நீங்கள் உங்களையே கேட்டுக்கொள்ள வேண்டியது ஒன்றுதான்: இந்த இயந்திரம் இல்லாத வீடாக இருந்தால், இன்று காசு கொடுத்து இதை வாங்குவீர்களா?

## எதை வைத்து முடிவு செய்வது

ஒழுகும் இடம் முதலாவது. அதைப் பற்றிக் கீழே விரிவாகச் சொல்கிறேன்.

இரண்டாவது, வயதும் உத்தரவாதமும். இயந்திரத்தின் உடம்பில் ஒட்டியிருக்கும் ஸ்டிக்கரில் மாடலும் வரிசை எண்ணும் இருக்கும். கைப்பேசியில் படம் எடுத்துக்கொள்ளுங்கள். மாடலைப் பொறுத்து உத்தரவாதக் காலம் பல வருடம் வரை நீளும். உத்தரவாதம் இருக்கும்போது உறையைத் திறந்துவிட்டால் அது போய்விடும். அதனால் ரசீதைத் தேடிய பிறகு ஸ்பேனரைத் தேடலாம்.

மூன்றாவது, வீடு யாருடையது. வாடகைக்கு இருப்பவர் தானாக எதையும் மாற்றக் கூடாது.

நான்காவது, கீழ்வீடு. இதைத்தான் பலரும் கணக்கில் எடுப்பதில்லை. சொட்டுகிற தண்ணீர் வாளியோடு நின்றால் சரி. அலமாரிக்கு அடியில் இறங்கித் தரைக்குள் ஊறினால், கீழ்வீட்டுக் கூரையில் மஞ்சள் வட்டமாக வந்து நிற்கும். கொண்டோவில் அப்படி நடந்தால், கட்டடப் பராமரிப்பு, அடுக்குமாடி நிர்வாகச் சட்டத்தின்படி கசிவு மேல்வீட்டிலிருந்து வந்ததாகவே முதலில் எடுத்துக்கொள்ளப்படும். இல்லை என்று நிரூபிக்க வேண்டியது மேல்வீட்டுக்காரர். வீவக (வீடமைப்பு வளர்ச்சிக் கழக) வீட்டிலோ, கூரைக் கசிவைச் சரிசெய்வது மேல்வீட்டாரும் கீழ்வீட்டாரும் சேர்ந்து பார்க்க வேண்டிய பொறுப்பு. பத்து வெள்ளி ரப்பர் வளையத்தைத் தள்ளிப்போட்டதால் அண்டை வீட்டாரோடு ஆறு மாதம் முகம் கொடுத்துப் பேச முடியாமல் போனால், அதுவும் செலவுதான்.

ஐந்தாவது, அதில் என்ன போடுகிறீர்கள் என்பது. வாழைத்தண்டு நார், முருங்கைச் சக்கை, கீரைத்தண்டு, அன்னாசித் தோல், புளிச்சக்கை எல்லாம் போகிற வீடு என்றால், எதைச் செய்தாலும் மறுபடி இதே இடத்துக்கு வந்து நிற்பீர்கள். நார் சுற்றிக்கொண்டால் இயந்திரம் திணறி அதிரும். அந்த அதிர்வில்தான் மேலே உள்ள திருகாணிகள் தளர்கின்றன.

## எங்கிருந்து சொட்டுகிறது

தொடும் முன் சுவிட்சை அணைத்து, பிளக்கையும் உருவிவிடுங்கள். அடியில் ஈரமாக இருக்கும் மோட்டாரை ஈரக் கையால் தொடாதீர்கள். இங்கே மின்சாரம் 230 வோல்ட். 1985 ஜூலைக்கு முன் கட்டிய வீடுகளில் மின்கசிவைக் கண்டால் இணைப்பைத் துண்டிக்கும் ஆர்.சி.சி.பி. இல்லாமல் இருந்திருக்கலாம். எல்லா வீடுகளிலும் அது இருக்க வேண்டும் என்ற விதி 2023 ஜூலையில் நடப்புக்கு வந்து, ஏற்கனவே உள்ள வீடுகளுக்கு 2025 ஜூலை வரை அவகாசம் கொடுக்கப்பட்டது. உங்கள் மின்பெட்டியில் அது இருக்கிறதா, அதன் ‘டெஸ்ட்’ பொத்தானை அழுத்தினால் விழுகிறதா என்று இந்தச் சாக்கில் பார்த்துவிடுங்கள்.

அலமாரியை முழுக்கக் காலி செய்து, இயந்திரத்தை மேலிருந்து கீழ்வரை துணியால் துடைத்துக் காய விடுங்கள். சிங்கின் துளையை மூடி, பாதி அளவு தண்ணீர் பிடித்து, அதில் அரைக் கரண்டி மஞ்சள் தூளைக் கலக்குங்கள். எஃகு சிங்குக்கு மட்டும் இது. வெள்ளைச் சிங்க் என்றால் கறை பிடித்து வேறொரு சண்டை கிளம்பும். பிறகு டார்ச்சைப் பிடித்துக்கொண்டு ஒரு வெள்ளை டிஷ்யூவால் ஒவ்வொரு மூட்டாக ஒற்றிப் பாருங்கள். சிங்கும் இயந்திரமும் சேரும் கழுத்தில் டிஷ்யூ மஞ்சளானால், கோளாறு மேலே. அங்கே காய்ந்திருந்தால் மூடியைத் திறந்து தண்ணீரை ஓடவிட்டு, பக்கவாட்டில் வெளியேறும் முழங்கைக் குழாயையும், பாத்திரம் கழுவும் இயந்திரத்தின் ஹோஸ் வந்து சேரும் இடத்தையும் ஒற்றுங்கள். இவை எல்லாம் காய்ந்திருந்து, அடித்தட்டில் சிவப்பு ரீசெட் பொத்தானைச் சுற்றி ஈரம் கண்டால், உள்ளே மோட்டார் தண்டைச் சுற்றியுள்ள சீல் தேய்ந்துவிட்டது.

மேலிருந்து கீழாகவே பாருங்கள். மேலே கசிந்த நீர் உடம்போடு வழிந்து அடியில்தான் சொட்டும். அடியில் சொட்டுவதைப் பார்த்து அவசரப்பட்டுப் புது இயந்திரம் வாங்கியவர்கள் உண்டு. கழுத்தில் இருந்த மூன்று திருகாணிகளை இறுக்கியிருந்தால் அவர்களுக்குப் போதும்.

| ஒழுகும் இடம் | பெரும்பாலான காரணம் | முதலில் யோசிக்க வேண்டியது |
|---|---|---|
| சிங்குக் கழுத்து | தளர்ந்த திருகாணி, காய்ந்த பட்டி (நீர் கசியாமல் அடைக்கும் மாவு போன்ற பசை) | நாமே செய்யலாம், அல்லது ஆள் |
| பக்கவாட்டு முழங்கை | ரப்பர் வளையம் விறைத்தது, திருகாணி தளர்ந்தது | நாமே செய்யலாம் |
| பாத்திரம் கழுவும் இயந்திர ஹோஸ் | கிளிப் தளர்ந்தது, ஹோஸ் வெடித்தது | நாமே செய்யலாம் |
| அடித்தட்டு | உள் சீல் போனது | மாற்றுவது அல்லது கழற்றுவது |
| உடம்பில் ஊசித்துளை, விரிசல் | துரு | மாற்றுவது அல்லது கழற்றுவது |

## வழி ஒன்று: நாமே சரிசெய்வது

பக்கவாட்டுக் கசிவு என்றால் யோசிக்கவே வேண்டாம், நீங்களே செய்யுங்கள். முழங்கைக் குழாயை இயந்திரத்தோடு பிடித்திருக்கும் ஒன்றிரண்டு திருகாணிகளை மாற்றி மாற்றிக் கொஞ்சம் கொஞ்சமாக இறுக்க வேண்டும். ஒரு பக்கத்தை முழுக்க இறுக்கிவிட்டு மறுபக்கம் போனால் ரப்பர் ஒருபுறம் நசுங்கி மறுபுறம் வாய் பிளக்கும். இறுக்கியும் நிற்கவில்லையா, ரப்பர் வளையத்தைக் கழற்றி விரலால் மடக்கிப் பாருங்கள். வளையாமல் விறைப்பாக இருந்தால் அதன் காலம் முடிந்தது. அந்தப் பழைய வளையத்தையே கையில் எடுத்துக்கொண்டு பேட்டையில் உள்ள ஹார்ட்வேர் கடைக்குப் போங்கள். அளவைச் சொல்லி வாங்குவதைவிட அதுதான் நம்பகம்.

கழுத்துக் கசிவுக்கு இரண்டு படி. முதலில், சிங்குக்கு அடியில் வளையத்தைப் பிடித்திருக்கும் மூன்று திருகாணிகளையும் சமமாக இறுக்கி, மறுபடி மஞ்சள் தண்ணீர்ச் சோதனை. நின்றுவிட்டால் வேலை முடிந்தது.

நிற்கவில்லை என்றால் பட்டி மாற்ற வேண்டும், அது வேறு ரக வேலை. இயந்திரத்தை இறக்கி, வளையத்தைக் கழற்றி, சிங்கின் மேலிருந்து உலோக வாயைத் தூக்கி, பழைய பட்டியைச் சுரண்டி எடுத்து, புதுப் பட்டியை முறுக்கு மாவைத் திரிப்பதுபோல உருட்டி விளிம்பைச் சுற்றி வைத்து, கீழிருந்து இறுக்க வேண்டும். மேலே பட்டி பிதுங்கி வந்தால் சரியாக உட்கார்ந்துவிட்டது என்று அர்த்தம். பிதுங்கியதைத் துடைத்துவிடுங்கள். சிங்க் கருங்கல் அல்லது கல்தூள் கலந்த வகையாக இருந்தால் எண்ணெய்ப் பட்டி கறையாக்கும். அதற்குச் சிலிக்கோன்தான். சிலிக்கோன் முழுக்க இறுக ஒருநாள் ஆகும், அதுவரை அந்தச் சிங்கில் தண்ணீர் விடக் கூடாது. பொங்கலுக்கு முந்தின நாள் இந்த வேலையில் இறங்காதீர்கள்.

வெளியில் தெரியாத செலவு இங்கே உடம்பு. சிறிய இயந்திரமே ஐந்தாறு கிலோ இருக்கும், பெரியது பத்தைத் தாண்டும். அதை மல்லாந்து படுத்துக்கொண்டு ஒற்றைக் கையால் தாங்கி, மறுகையால் திருக வேண்டும். அடியில் ஒரு பெயிண்ட் டப்பாவை முட்டுக் கொடுத்துவிட்டுச் செய்யுங்கள், இல்லாவிட்டால் இன்னொரு ஆளை வைத்துக்கொள்ளுங்கள். நம் அலமாரிகளில் தண்ணீர் வடிகட்டி, எரிவாயுக் குழாய் எல்லாம் ஒரே இடத்தில் நெருக்கிக்கொண்டு இருக்கும். எரிவாயுக் குழாயைப் பிடிமானமாக்கி எழுந்திருக்காதீர்கள்.

யாருக்கு ஏற்றது: கசிவு மேலே அல்லது பக்கத்தில், இயந்திரம் இன்னும் நல்ல நிலையில், முதுகும் பொறுமையும் ஒத்துழைக்கிறவர்களுக்கு.

## வழி இரண்டு: ஆளைக் கூப்பிடுவது

பட்டி மாற்றும் வேலைக்கு ஆளைக் கூப்பிடுவதில் எந்த வெட்கமும் வேண்டாம். வயதான பெற்றோர் மட்டும் இருக்கும் வீடு என்றால் இதுதான் வழி.

ஆனால் எதற்குக் காசு கொடுக்கிறோம் என்று தெரிந்திருக்க வேண்டும். வந்து பார்ப்பதற்கே ஒரு கட்டணம், இரவும் வார இறுதியும் என்றால் அதற்கு மேல், பொருளுக்குத் தனி. தொலைபேசியிலேயே மூன்றையும் பிரித்துக் கேளுங்கள். 9 விழுக்காடு பொருள், சேவை வரி சேர்ந்த விலையா என்பதையும் கேட்டுவிடுங்கள்.

நான் எச்சரிக்கையாக இருக்கச் சொல்வது ஒரே விஷயத்தில். வந்தவர் எதையும் கழற்றாமல், கசியும் மூட்டின் வெளிப்புறத்தைச் சுற்றிச் சிலிக்கோனைப் பூசிவிட்டுக் கிளம்பினால், அது பழுதுபார்ப்பே இல்லை. அதிர்கிற இயந்திரத்தின் மேல் வெளிப்பூச்சு நிலைக்காது, சில வாரத்தில் விட்டுவிடும். அடுத்த முறை வருபவர் அந்தப் பூச்சைச் சுரண்டவே கூடுதல் நேரம் கேட்பார். “பட்டியைக் கழற்றி மாற்றித் தருவீர்களா, எத்தனை நாள் பொறுப்பு எடுப்பீர்கள்?” என்று முன்கூட்டியே கேட்டால், மேலோட்டமாக வேலை செய்கிறவர் அங்கேயே நழுவிவிடுவார்.

குழாயின் போக்கை மாற்றுகிற வேலை என்றால் பொதுப் பயனீட்டுக் கழகத்தின் உரிமம் பெற்ற பிளம்பர் வேண்டும். மின்கம்பி இழுப்பதற்கோ புதுப் பிளக் பாயிண்ட் வைப்பதற்கோ எரிசக்திச் சந்தை ஆணையத்தின் உரிமம் பெற்ற மின் பணியாளர் வேண்டும். இரண்டு பட்டியலையும் அந்தந்த அமைப்பின் இணையத்தளத்தில் பார்க்கலாம். உத்தரவாதம் இன்னும் இருந்தால் பேட்டை பிளம்பரை விட்டுவிட்டு நேரே விற்பனை முகவரைக் கூப்பிடுங்கள்.

## வழி மூன்று: புது இயந்திரம்

அடித்தட்டில் ஈரம், உத்தரவாதமும் முடிந்தது என்றால், பழுதுபார்ப்புக்குக் காசைக் கொட்டாதீர்கள். உள் சீலை மாற்ற முழு இயந்திரத்தையும் பிரிக்க வேண்டும். அதற்குள் தண்ணீர் மோட்டாரைத் தொட்டிருக்கும். உடம்பில் துளை விழுந்தாலும் அதே கதைதான். எப்பாக்சி பசை ஒட்டி ஒப்பேற்றலாம் என்று சொல்பவர்களுக்கு, அது கடையிலிருந்து புது இயந்திரம் வந்து சேரும்வரை தாங்கினால் பெரிது என்பதே என் பதில்.

மாற்றுவதில் பெரிய மிச்சம், அதே நிறுவனத்தின், சிங்கோடு பொருத்தும் அதே வகை மாட்டி உள்ள இயந்திரத்தை வாங்குவதில் இருக்கிறது. சிங்கில் உள்ள உலோக வாய் நல்ல நிலையில் இருந்தால் அதை அப்படியே விட்டுவிட்டு, பழையதைத் திருகி இறக்கிப் புதியதைத் திருகி ஏற்றிவிடலாம். வேறு நிறுவனம் என்றால் வாயையும் மாற்ற வேண்டும். வெளியேறும் துளை வேறு உயரத்தில் இருக்கும், குழாயை வெட்டி ஒட்ட வேண்டும், அப்போது பிளம்பர் கூலி தனி. மேடையில் டிஸ்போசரை இயக்கும் காற்றழுத்தப் பொத்தான் வைத்திருப்பவர்கள், புது மாடல் அதோடு சேருமா என்று கேட்டு வாங்குங்கள்.

இணையத்தில் அமெரிக்க விற்பனையாளரிடம் மலிவாகக் கிடைக்கிறது என்று ஆசைப்படாதீர்கள். அது 120 வோல்ட், 60 ஹெர்ட்ஸுக்குச் செய்தது. இங்கே 230 வோல்ட், 50 ஹெர்ட்ஸ். பிளக்கை மாற்றினால் சரியாகிவிடும் விஷயம் இல்லை இது.

பாத்திரம் கழுவும் இயந்திரத்தை டிஸ்போசரோடு இணைக்கப்போகிறீர்கள் என்றால், ஹோஸ் மாட்டும் குழலுக்குள் இருக்கும் சிறு பிளாஸ்டிக் அடைப்பைத் தட்டி எடுக்க வேண்டும். அதை மறந்தால் கழுவிய நீர் போக வழியில்லாமல் திரும்பும். இணைக்கப்போவதில்லை என்றால் அதைத் தொடவே கூடாது, தொட்டால் புது இயந்திரத்தில் புது ஒழுகல்.

அப்புறம் கழிவுக்குழாய். சிங்கிலிருந்து சுருள்சுருளான நெகிழ்குழாய், தரையில் உள்ள வடிகால் வாயான தரைப்பொறி வரை போகும் வீடுகள் பல. அந்தச் சுருள்களில் அரைத்த சோறும் பருப்பும் தங்கி நாறும், அடைக்கும். அடைத்தால் பின்னழுத்தத்தில் பலவீனமான மூட்டில் கசியும். புது இயந்திரம் போடுகிறவர் அந்தக் குழாயை வழுவழுப்பான பிவிசி குழாயாகவும், நாற்றம் மேலேறாமல் நீர் தேங்கி நிற்கும் பாட்டில் டிராப்பை வளைவான பி-டிராப்பாகவும் மாற்றுவதற்கும் சேர்த்தே பட்ஜெட் போடட்டும். நெய்யும் எண்ணெயும் படிந்த பாத்திரத்தை டிஸ்போசர் உள்ள சிங்கில் கழுவினால் வெந்நீரை விடாதீர்கள். வெந்நீரில் உருகிய நெய் தூரப் போய்க் குழாயில் உறையும், குளிர்ந்த நீரில் கெட்டியானால் அரைபட்டுப் போய்விடும்.

யாருக்கு ஏற்றது: தினமும் சமைக்கிற, அதைத் தினமும் பயன்படுத்துகிற, நார்ப்பொருளைத் தனியாக எடுத்துப் போடும் ஒழுக்கம் உள்ள வீட்டுக்கு. கொண்டோவில் நிர்வாக அலுவலகத்திடமும், வீவக வீட்டில் கழகத்திடமும் ஒரு வார்த்தை கேட்டுவிட்டு வாங்குங்கள்.

## வழி நான்கு: கழற்றிவிட்டுச் சாதாரணக் குழாய்

அடிச்சீல் போன இயந்திரத்துக்கு என் ஓட்டு பெரும்பாலும் இதற்குத்தான். அம்மாக்கள் சொன்னதில் விஷயம் இருக்கிறது.

நம் ஊரில் குப்பை போட எத்தனை அடி நடக்கிறோம் என்று பாருங்கள். 1989க்கு முன் கட்டிய வீவக வீடுகளில் குப்பைக் குழாயின் வாய் சமையலறையிலேயே இருக்கும். பிறகு கட்டியவற்றில் மாடிக்கு ஒன்று, தாழ்வாரத்தில். 2018 ஏப்ரலிலிருந்து 500 வீடுகளும் அதற்கு மேலும் உள்ள புதிய தனியார் அடுக்குமாடித் திட்டங்களில் காற்றில் உறிஞ்சும் குப்பை முறையே வந்துவிட்டது. வாரம் ஒருமுறை குப்பை லாரி வரும் ஊர்களில் டிஸ்போசருக்கு இருக்கும் அவசியம் இங்கே அவ்வளவாக இல்லை. தரைவீட்டுக்காரர்கள் வேறு மாதிரி யோசிக்கலாம், அவர்கள் குப்பைத்தொட்டி வாசலில் வெயிலில் நிற்கிறது.

மறுபக்கத்தையும் சொல்லிவிடுகிறேன். ஷூட்டில், அதாவது அந்தக் குப்பைக் குழாயில் போட்டது எரிஆலைக்குப் போய், சாம்பல் செமக்காவ் தீவில் சேர்கிறது. அந்த ஒரே நிலநிரப்பிடம் 2035 வாக்கில் நிரம்பிவிடும் என்று கணக்கிடப்பட்டிருக்கிறது. ஈரமான உணவுக் கழிவு எரிப்பதற்கும் உகந்ததல்ல. அந்தக் காரணத்துக்காக டிஸ்போசரை வைத்துக்கொள்ள விரும்புகிறவரோடு நான் வாதாடமாட்டேன். ஆனால் நாற்பது வருடப் பழைய கிடைக்குழாயில் தேங்காய்ச் சக்கையை அரைத்து அனுப்புவதற்குப் பதில், சோற்றை அளந்து வடிப்பதே நல்ல தொடக்கம்.

கழற்றுவதற்கும் செலவு உண்டு, ஆனால் சிறியது. டிஸ்போசருக்காகச் சிங்கில் போட்ட துளை ஏறக்குறைய 90 மில்லிமீட்டர் அகலம், பழைய சிறு வடிகட்டி அதில் உட்காராது. கூடையோடு வரும் பெரிய வடிகட்டி வாங்க வேண்டும், துளையை அளந்துகொண்டு போங்கள். இயந்திரம் இருந்த உயரத்துக்கு ஒரு நீட்டுக்குழாய் தேவைப்படும். பாத்திரம் கழுவும் இயந்திரத்தின் ஹோஸுக்குக் குழாயில் ஒரு கிளை வைக்க வேண்டும். இதைத்தான் பலரும் மறந்து, வேலை முடிந்த இரவே தரையெல்லாம் தண்ணீராக்குகிறார்கள். மேடையில் பொத்தான் இருந்த துளைக்கு ஒரு மூடியோ, சோப்புத் திரவக் குழலோ பொருத்தலாம். உள்ளே இருக்கும் பிளக் பாயிண்டைப் பிடுங்க வேண்டாம், தண்ணீர் வடிகட்டிக்கு உதவும்.

பழக்கமும் மாற வேண்டும். கூடையைத் தினமும் இரவில் தட்டிக் காலி செய்யாவிட்டால் இந்த வெக்கைக்கு மறுநாள் காலையில் பூச்சி மொய்க்கும். வீட்டில் பணிப்பெண் இருந்தால் அவரிடமும் சொல்லிவிடுங்கள், அரைக்க ஒன்றும் இல்லாத சிங்கில் பழைய பழக்கத்தில் மீன் செதிலைத் தள்ளிவிடுவார்.

## வாடகை வீட்டில் இருந்தால்

நான்கு வழிகளில் ஒன்றையும் நீங்களாகத் தேர்ந்தெடுக்காதீர்கள். பிளக்கை உருவி, அடியில் வாளியை வைத்து, ஒழுகுவதைக் காணொளி எடுத்து அன்றே வீட்டுக்காரருக்கு அனுப்புங்கள். பெரும்பாலான ஒப்பந்தங்களில் சிறு பழுதுக்கு ஒரு தொகைவரை வாடகைக்காரர், அதற்கு மேல் வீட்டுக்காரர் என்று ஒரு வரி இருக்கும். அடிச்சீல் போனது பயன்பாட்டில் தேய்ந்தது. முருங்கைச் சக்கை போட்டு மோட்டார் எரிந்தது வேறு கணக்கு. பேச்சில் இந்த வித்தியாசம் வரும், அதனால் என்ன கோளாறு என்று பிளம்பரிடம் எழுத்தில் வாங்கிவைத்துக்கொள்வது நல்லது.

கழற்றிய பழைய இயந்திரத்தை ஷூட்டில் போட்டுவிடாதீர்கள். கனமான இரும்பும் உள்ளே செம்புக் கம்பியும் இருப்பதால், புளோக்குக்கு வரும் பழைய சாமான் வாங்கும் கராங் குனிக்காரர் சந்தோஷமாக எடுத்துக்கொள்வார். ஒரு தே தாரேக் (ஆற்றிய பால் தேநீர்) குடிக்க ஆகிற காசு கொடுத்தாலும் கொடுப்பார்.